செத்தவர் முட்டை புரோட்டா தின்ற வழக்கு

அருள்முருகனுக்கு உளிக்கும் பயம் கிடையாது, ரம்பத்துக்கும் பயம் கிடையாது. இடது கைக் கட்டைவிரல் நுனியை மின்ரம்பத்துக்குக் கொடுத்த அன்றுகூட, துண்டைச் சுற்றிக்கொண்டு மிச்ச வேலையை முடித்துவிட்டுத்தான் வீட்டுக்கு வந்தான். அப்படிப்பட்ட தச்சன், பழுப்பு உறையில் வந்த ஒரு கடிதத்தைப் பிடித்துக்கொண்டு நடுவீட்டில் நின்று நடுங்கினான். கடிதத்தில் இருந்தது இவ்வளவுதான்: ‘தங்கள் மகள் அ. முத்துமாரி, வயது ஆறு, தொலைக்காட்சியைப் பார்க்கிறாள். ஆனால் புரிந்துகொள்ளவில்லை எனத் தெரிய வருகிறது. மூன்று வாய்ப்புகளில் ஒன்று முடிந்துவிட்டது.’

அனுப்பியது சிறார் காட்சிப் புரிதல் நல வாரியம், காரைக்குடி வட்டார அலுவலகம். பிள்ளைகள் டிவி பார்ப்பதைக் குறைப்பதற்காக ஏற்பட்ட வாரியம் இது என்று சிலர் நினைக்கிறார்கள். அப்படி ஒரு கெட்ட எண்ணம் அதற்கு ஒருநாளும் இருந்ததில்லை. பார்க்கிற பிள்ளை சரியாகப் பார்க்கிறதா என்று பார்ப்பதே அதன் பணி. சரியாகப் பார்க்கிற பிள்ளைக்கு ஒரு சான்றிதழ் தருவார்கள். அது இல்லாமல் ஒன்றாம் வகுப்பில் சேர முடியாது. மூன்று முறை தவறுகிற பிள்ளையை, காளையார்கோவில் சாலையில் இருக்கும் காட்சி மறுவாழ்வு இல்லத்துக்கு வேனில் கொண்டுபோய், தொண்ணூறு நாள் வைத்து, தினமும் ஒன்பது மணி நேரம் டிவி பார்க்க வைப்பார்கள். பெற்றோர் போய்ப் பார்க்கக் கூடாது. பார்த்தால் பிள்ளைக்குக் கவனம் சிதறும்.

அங்கே போய் வந்த பிள்ளை ஒன்றை அருள்முருகன் நேரில் பார்த்திருக்கிறான். கண்டரமாணிக்கத்துக் காளீஸ்வரி, ஏழு வயது. யாராவது ஏதாவது சொன்னால் அவள், டிவித் தொடரில் காட்டுகிற மாதிரி, வெடுக் வெடுக்கென்று மூன்று தடவை தலையைத் திருப்பிப் பார்க்கிறாள், பிறகுதான் பதில் சொல்கிறாள். சாப்பிடும்போது பாதியில் கையை நிறுத்தி, விளம்பரம் முடிகிற அளவு நேரம் காத்திருந்துவிட்டு அடுத்த கவளத்தை எடுக்கிறாள். வாரியத்தின் ஆண்டறிக்கை அட்டையில் அவள் படம்தான் இருக்கிறது. கீழே ‘முழு வெற்றி’ என்று போட்டிருக்கிறது.

முத்துமாரியின் முதல் சோதனை, கடிதம் வருவதற்கு முன்பு, அவள் போகிற பாலர் பள்ளியிலேயே நடந்தது. புரிதல் அலுவலர் செம்மலை ஒரு சிறிய டிவியும் ஒரு தடித்த கையேடும் கொண்டுவந்திருந்தார். தங்கமான மனிதர். கையேட்டில் இல்லாத எதையும் அவர் பார்த்ததில்லை.

“டிவியில தெரியிறவங்க எல்லாம் எங்க இருக்காங்க, பாப்பா?”

கையேட்டின்படி சரியான விடை, ‘எங்கும் இல்லை, அவர்கள் கற்பனை’ என்பது. பெட்டிக்குள் குட்டி மனிதர்கள் இருப்பதாகச் சொல்கிற பிள்ளைக்கு, வயதைக் கருதி அரை மதிப்பெண் உண்டு.

“மானகிரியில இருக்காக,” என்றாள் முத்துமாரி.

“எங்க?”

“மானகிரியில, பெரிய வீட்ல. வெள்ளிக்கிழமை மட்டும் லீவு.”

செம்மலை கையேட்டைப் புரட்டினார். அதில் மானகிரி இல்லை. பூஜ்ஜியம் போட்டார்.

“சரி. டிவியில மழை பெஞ்சா, வெளியிலயும் பெய்யுமா?”

“தண்ணி லாரி வந்தாத்தான் பெய்யும்.”

“அதுல செத்துப் போறவங்க என்ன ஆவாங்க?”

“புரோட்டா திம்பாக.”

செம்மலைக்கு வியர்த்தது. “யாரு திம்பாங்க?”

“பெரியய்யா. ஊஞ்சல் அந்து விழுந்து செத்தாகள்ல, அவுகதான். செத்துட்டு எந்திரிச்சு, மூஞ்சியக் கழுவிட்டு, ரெண்டு முட்டை புரோட்டா தின்னாக. எனக்கும் பிச்சுக் குடுத்தாக.”

“ஊஞ்சல் எப்படிம்மா அந்துச்சு?”

“எங்கப்பாதான் அறுத்து வச்சாக,” என்று பெருமையோடு சொன்னாள் பிள்ளை.

அவள் சொன்னதில் ஒரு எழுத்துகூடப் பொய்யில்லை. பெரியய்யா வருகிற எட்டு மணித் தொடரை மானகிரியில் ஒரு பழைய பங்களாவில்தான் எடுக்கிறார்கள். ஆறு மாதமாக அங்கே தச்சு வேலை அருள்முருகனுடையது. உடைய வேண்டிய கதவு, ஒடிய வேண்டிய நாற்காலி, விழ வேண்டிய ஊஞ்சல் எல்லாம் அவன் கைதான். பள்ளி லீவு நாளில் மகளையும் பைக்கில் வைத்துக் கூட்டிப் போவான். ஊரெல்லாம் திரைக்கு முன்னால் உட்கார்ந்து பார்க்கிற டிவியை இந்தப் பிள்ளை பின்னால் நின்று பார்த்துவிட்டது, அதுதான் அவள் செய்த குற்றம். செம்மலை குறிப்புப் பத்தியில் எழுதினார்: ‘குழந்தை இறந்தவர்களுடன் உணவருந்துகிறது. தந்தை மீது கொலைக்குற்றம் சாட்டுகிறது. பத்துக்குப் பூஜ்ஜியம்.’

இரண்டாம் வாய்ப்பு, குழு விசாரணை. வாரியத்தின் அலுவலகம், ஒன்றன்பின் ஒன்றாக மூன்று கட்டுகள் உள்ள ஒரு பழைய பெரிய வீட்டில் வாடகைக்கு இருந்தது. முதல் கட்டில் மனுவை வாங்கினார்கள், இரண்டாம் கட்டில் அதைத் திருப்பிக் கொடுத்தார்கள், மூன்றாம் கட்டில் ஏன் மனுக் கொடுக்கவில்லை என்று கேட்டார்கள். அந்த வீட்டுக்குப் பின்வாசல் அடுத்த தெருவில். அதன் வழியாக வெளியே வந்து விழுந்தவர்கள் மறுபடியும் முன்வாசலுக்குச் சுற்றி வந்துகொண்டிருந்தார்கள். அருள்முருகனும் மகளைத் தோளில் தூக்கிக்கொண்டு இரண்டு தடவை சுற்றினான். பிள்ளை அவன் காதைப் பிடித்துக்கொண்டு, “அப்பா, என்னைய வேன்ல ஏத்திருவாகளா?” என்று கேட்டுக்கொண்டே வந்தாள். அவன், “சீ, அதெல்லாம் இல்லத்தா,” என்றான். அவன் குரல் அவனுக்கே பொய்யாகக் கேட்டது.

குழுத் தலைவர் புஷ்பவள்ளி அம்மையார் மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டுப் பேச ஆரம்பித்தார். “நம்ம நாட்டைப் பிடிச்ச பெரிய வியாதி எது தெரியுமா? எது நிஜம், எது நடிப்புன்னு ஜனங்களுக்குத் தெரியலை. டிவியில ஒருத்தர் அழுதா இங்க உக்காந்து அழறாங்க. வெட்கக்கேடு. இந்தப் பேதைமையைப் பிஞ்சிலேயே கிள்ளி எறியத்தான் வாரியம் இருக்கு.” செம்மலையும் எழுத்தர் மருதுபாண்டியும் மேசையைத் தட்டினார்கள். அம்மையார் கண்ணாடியை மாட்டிக்கொண்டு அருள்முருகனை உற்றுப் பார்த்தார்.

“அந்த மனுஷன் உங்களுக்கு என்னங்க கெடுதல் பண்ணினாரு?”

“எந்த மனுசங்க?”

“பெரியய்யா! பெத்த பிள்ளைங்க ரெண்டும் ஏமாத்தி வீட்டை எழுதி வாங்குச்சுங்களே, அப்பக்கூட ஒரு வார்த்தை கடிஞ்சு பேசாத தெய்வம். ஒரு வாய் காப்பி குடிச்சிட்டு, அக்கடான்னு ஊஞ்சல்ல வந்து உக்காந்தாரு. அதுல கையை வைக்க உங்களுக்கு எப்படி மனசு வந்துச்சு? அவரு செத்த செவ்வாக்கிழமை எங்க வீட்டுல அடுப்புப் பத்த வைக்கலை. மறுநாள் தலை முழுகிட்டுத்தான் ஆபீசுக்கு வந்தேன்.”

“எங்க வீட்லயும் மேடம்,” என்று மருதுபாண்டி தலையைக் குனிந்துகொண்டார்.

அருள்முருகன் எழுந்து நின்று, கைகட்டி, பொறுமையாக விளக்கினான். “அம்மா, பலகைக்கு அடியில பாதிதான் அறுத்தேன். அறுத்த எடத்துல ஒரு ஆப்பு அடிச்சு வச்சிருந்தேன். கயித்த இழுத்தா ஆப்பு உருவிக்கும். கீழ மெத்தையப் போட்டு நாலு பேரு தாங்கிக்கிட்டாக. அவுகளுக்கு ஒரு கீறல்கூட இல்லைங்க.”

“அறுத்ததை ஒப்புக்கிறீங்க.”

“பாதிங்க.”

“மருதுபாண்டி, எழுதிக்குங்க. ஆயுதம் ஆப்பு.”

ஆப்பைப் பிடுங்கிய குரங்கு மாதிரி ஆகிப்போனது அருள்முருகன் நிலைமை. வேர்வை வழிந்தது. கடைசியாக, அந்த மனிதரையே நேரில் கொண்டுவந்து நிறுத்துகிறேன் என்றான். குழு மறுநாள் வரை நேரம் கொடுத்தது.

பெரியய்யாவாக நடித்தவர் லாட்ஜில் லுங்கியோடு உட்கார்ந்து, வேர்க்கடலை தின்றுகொண்டிருந்தார். கூப்பிட்டதும் பயந்துபோனார். “தம்பி, நான் வெளியில தலை காட்டக் கூடாதுப்பா. ஐப்பசி வரைக்கும் நான் உயிரோட இருக்கேன்னு யார்கிட்டயும் சொல்ல மாட்டேன்னு கம்பெனிக்குக் கையெழுத்துப் போட்டிருக்கேன். போன வாரம் ஊர்ல எங்க அக்கா வீட்டுக் கல்யாணத்துக்குக்கூடப் போகலை.” அருள்முருகன் அவர் காலைப் பிடித்துக்கொண்டு வேனைப் பற்றிச் சொன்னான். கண்டரமாணிக்கத்துப் பிள்ளையைப் பற்றியும் சொன்னான். அந்த மனிதர் கடலைத் தோலைத் தட்டிவிட்டு எழுந்து, தலையில் துண்டைச் சுற்றிக்கொண்டு வந்தார்.

விசாரணை அறையில் அவர் துண்டை அவிழ்த்ததும் செம்மலை கையேட்டைத் தவறவிட்டார். மருதுபாண்டி சுவரோடு ஒட்டிக்கொண்டார். புஷ்பவள்ளி அம்மையார், “ஐயா!” என்று அலறி, நாற்காலியை விட்டு இறங்கி, நெடுஞ்சாண்கிடையாக விழுந்து கும்பிட்டார். “அந்தச் சின்னவன் கையில சாப்பிடாதீங்கய்யா, பால்ல எதையோ கலக்கிறான்!” என்று சொல்லிக் குலுங்கி அழுதார். முத்துமாரி மட்டும் ஓடிப்போய்ப் பெரியய்யாவின் கையைப் பிடித்துக்கொண்டாள். அவர், “என்னாத்தா, சாப்பிட்டியா?” என்று கேட்டார். பிள்ளை குழுவைப் பார்த்துத் திரும்பி, “பாத்தீகளா, இருக்காகள்ல?” என்றாள். அந்த அறையில் அவரை ஒரு மனிதராகப் பார்த்தது அவள் ஒருத்திதான்.

அம்மையார் எழுந்து, சேலையைச் சரிசெய்து, மறுபடியும் நாற்காலியில் அமர்ந்தார். அமர்ந்ததும் தலைவராகிவிட்டார்.

“இவர் இறந்தவர். இறந்தவரோட சாட்சியத்தை ஏத்துக்க விதியில இடமில்லை. உயிரோட இருக்கார்னா உயிர்வாழ் சான்று வேணும்.”

“அதுதாம்மா முடியாது. ஐப்பசி வரைக்கும்...” என்று பெரியய்யாவாக நடித்தவர் ஆரம்பித்து நாக்கைக் கடித்துக்கொண்டார்.

மூன்று அதிகாரிகளும் ஒரே சமயத்தில் முன்னால் சாய்ந்தார்கள். “ஐப்பசியில திரும்ப வர்றீங்களா? கூடப் பொறந்தவராவா? இல்லை, சாகவே இல்லையா?” என்று மருதுபாண்டி கிசுகிசுத்தார். அவர் துண்டை எடுத்து மறுபடியும் தலையில் சுற்றிக்கொண்டார். ஆனாலும் எல்லார் முகத்திலும் வெளிச்சம் வந்துவிட்டது. அம்மையார் எல்லாருக்கும் டீயும் வடையும் வரவழைத்தார். அந்தச் சந்தோஷத்தோடு சந்தோஷமாக, முத்துமாரியின் இரண்டாம் வாய்ப்பும் முடிந்ததாக எழுதிக் கையெழுத்துப் போட்டார். மூன்றாவது, அடுத்த திங்கட்கிழமை.

அன்று சாயங்காலம் அருள்முருகன் மனைவி ராஜப்ரியா புருசனைப் பிடித்துக்கொண்டாள். “பிள்ளைய அங்குட்டுக் கொண்டு போயிட்டாகன்னா நான் உசுரோட இருக்க மாட்டேன். நெசம் எது பொய்யி எதுன்னு அப்புறம் பாத்துக்குவோம். அவுக என்ன கேக்குறாகளோ அதச் சொல்லிக் குடுங்க.”

“பொய் சொன்ன வாய்க்குப் போசனம் கெடைக்காதுன்னு நான்தானடி அவளுக்குச் சொல்லிக் குடுத்தேன்?”

“உண்மை சொன்ன வாயி வேன்ல போகப் போகுதே, அதுக்கு என்ன சொல்றீக?”

மகளை மடியில் உட்கார வைத்துப் பாடம் ஆரம்பித்தான்.

“டிவியில தெரியிறவுக எங்க இருக்காக?”

“மானகிரியில.”

“இல்ல. எங்கயும் இல்ல.”

முத்துமாரி சிரித்தாள். அப்பா விளையாடுகிறார் என்று நினைத்தாள். அவன் சிரிக்கவில்லை என்று கண்டதும் அவளும் நிறுத்திக்கொண்டாள்.

“அப்ப மானகிரி இல்லையாப்பா?”

“டிவியில வந்தா இல்ல.”

“பெரியய்யா?”

“இல்ல.”

“எனக்குப் பிச்சுக் குடுத்த புரோட்டா?”

“அதுவும் இல்லத்தா.”

“ஊஞ்சல்? நீங்க செஞ்சீகளே?”

பர்மா தேக்கில் மூன்று நாள் இழைத்து, மெழுகு போட்டு, ஓரத்தில் பூவேலை செய்து, பிறகு தன் கையாலேயே அடியில் அறுத்த ஊஞ்சல் அது. “நான் எதையும் செய்யலை. அப்படி ஒண்ணு இல்ல,” என்றான்.

பிள்ளை அவன் கட்டைவிரலின் மொட்டை நுனியை நெருடிக்கொண்டே நெடுநேரம் யோசித்தாள். அப்பா சொன்னால் சரியாகத்தான் இருக்கும். “அழுதாகன்னா?” என்று கேட்டாள்.

“நடிக்கிறாக.”

“டிவியில தெரிஞ்சா யாரும் இல்ல, அழுதா நடிக்கிறாக. அம்புட்டுத்தானே?”

“அம்புட்டுத்தாண்டா கண்ணு.”

ஆறு நாளும் கேட்டுக் கேட்டுச் சொல்ல வைத்தான். ஏழாம் நாள் பிள்ளை தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் தப்பில்லாமல் சொன்னாள். ராஜப்ரியா கோவிலுக்குப் போய் அம்மனுக்கு மாவிளக்குப் போடுவதாக வேண்டிக்கொண்டு வந்தாள். அருள்முருகன் மட்டும் அந்த வாரம் முழுக்க மானகிரிக்கு வேலைக்குப் போகவில்லை.

திங்கட்கிழமை அவனை முதல் கட்டில் ஒரு நாற்காலியில் உட்கார வைத்துவிட்டு, பிள்ளையை இரண்டாம் கட்டுக்குள் அழைத்துப் போனார்கள். போகும்போது அவள் திரும்பித் திரும்பிப் பார்த்தாள், அழவில்லை. நடுக்கதவைச் சாத்தினார்கள். நிலைக்குழியில் சுழலுகிற கீழ்க்குடுமி தேய்ந்துபோன கதவு அது, முழுசாகப் பொருந்தாது. அருள்முருகன் முதல்நாளே கவனித்திருந்தான். எந்த வீட்டுக்குள் போனாலும் அவன் கண் முதலில் கதவைத்தான் பார்க்கும். இடுக்கு வழியாக உள்ளே பேசுவது கேட்டது.

“எங்க இருக்காங்க?”

“எங்கயும் இல்ல.”

“மழை?”

“நெசம் இல்ல.”

“பெரியய்யா என்ன ஆனாரு?”

“அப்படி யாருமே இல்ல.”

ஒவ்வொன்றுக்கும் செம்மலை, “சரி, சரி,” என்றார். ஒன்பது கேள்வி ஆயிற்று. அருள்முருகன் விரலை மடக்கி எண்ணிக்கொண்டிருந்தான். இன்னும் ஒன்றுதான். மூச்சு விட்டான்.

அப்போது மருதுபாண்டி வேகமாக அவனிடம் வந்தார். “மறுவாழ்வு இல்லத்து வேன் பின்வாசலுக்கு வந்திருச்சு. பிள்ளைக்கு மாத்துத்துணி கொண்டாந்திருக்கீகளா?”

“என்னங்க சொல்றீக? ஒம்பதும் சரியாச் சொல்லுச்சே!”

“எனக்கு என்ன தெரியும்? ஏத்தச் சொல்லிட்டாக. தொண்ணூறு நாள்.”

அருள்முருகன் நாற்காலியிலிருந்து எழ முயன்றான். காளீஸ்வரி வெடுக் வெடுக்கென்று தலையைத் திருப்பியது கண்முன்னால் வந்தது. கட்டைவிரல் போனபோது அழாத ஆள், வாயைத் திறந்து ஓவென்று அழுதான். “முத்துமாரி! ஏத்தா! அப்பாவைப் பாருத்தா!” என்று கத்தினான். மருதுபாண்டி அவனைப் பிடிக்கவில்லை. நிழல் விழாமல் ஒரு ஓரமாக ஒதுங்கி நின்றார்.

அவன் தலைக்கு மேல், சுவர் மூலையில் ஒரு சின்னக் கேமரா இருந்தது. இரண்டாம் கட்டில் முத்துமாரிக்கு எதிரே இருந்த டிவியில் அருள்முருகன் தெரிந்தான். கையேட்டில் பத்தாவது கேள்வி அதுதான். பெற்றோரை எப்படி அழ வைப்பது என்று ஒரு பக்கம் முழுக்க எழுதியிருக்கிறது. அழுகை இயல்பாக இருக்கும் பொருட்டு அவர்களுக்கு முன்கூட்டிச் சொல்லக் கூடாது.

இடுக்கு வழியாக அவனுக்குக் கேட்டது.

“இது யாரு?”

உள்ளே நாற்காலி ஒருமுறை கிறீச்சிட்டது. பிறகு முத்துமாரியின் குரல் வந்தது. “யாரும் இல்ல.”

“ஏன் அழறாரு?”

“நடிக்கிறாக.”

“உன் பேரைச் சொல்லிக் கூப்பிடுறாரே, உனக்கு என்ன தோணுது?”

“ஒண்ணும் தோணலை.”

உள்ளே மூன்று பேரும் கைதட்டினார்கள். நடுக்கதவு திறந்தது. புஷ்பவள்ளி அம்மையார் பிள்ளையின் தோளில் கைபோட்டு அழைத்து வந்தார். பக்கத்து அறையில் எட்டு மணித் தொடரின் மறுஒளிபரப்பு ஓடிக்கொண்டிருந்தது. பெரியய்யாவுக்கு அன்றைக்குப் பதினாறாம் நாள் காரியம். அம்மையாரின் ஒரு கண் அந்தப் பக்கமே இருந்தது, மூக்கு சிவந்திருந்தது.

“பத்துக்குப் பத்து! இந்த மாவட்டத்திலேயே முதல் பிள்ளை. பெத்த அப்பன் கதறுறான், ஒரு சொட்டுக் கண்ணு கலங்கலையே! இதைத்தாங்க நாங்க முதிர்ச்சின்னு சொல்றோம்.” சொல்லிவிட்டு முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார். “கொஞ்சம் இருங்க, பிண்டம் வைக்கிறாங்க,” என்று பக்கத்து அறைக்கு ஓடினார். சான்றிதழை மருதுபாண்டி கொடுத்தார். ஆண்டறிக்கைக்கு ஒரு படமும் எடுத்துக்கொண்டார்கள்.

வேன் எதுவும் வந்திருக்கவில்லை. அருள்முருகன் மகளை வாரித் தூக்கிக்கொண்டு தெருவுக்கு வந்தான். ஜெயித்தாயிற்று, பிள்ளை கையில் இருக்கிறாள், ஒன்றாம் வகுப்பில் சேர்க்கலாம். ஆனால் பைக் சாவியைத் துவாரத்தில் போட முடியவில்லை. பெட்ரோல் டேங்கின் மேல் நெற்றியை வைத்துக்கொண்டு மறுபடியும் அழுதான்.

முத்துமாரி அவன் சட்டையைப் பிடித்து இழுத்தாள்.

“போதும்ப்பா. பரீட்சை முடிஞ்சிருச்சு. இன்னும் எதுக்கு அழுகுறீக?”

“நெசமாத்தாண்டா அழுகுறேன்,” என்றான் அவன். “அப்பா முகத்தைப் பாரு.”

அவள் பார்க்கவில்லை. எதிர்க்கடைச் சுவரில், மின்கம்பத்தில், வீட்டு முகப்பின் மேல் மூலையில் என்று ஒவ்வொரு இடமாக, கேமரா எங்கே இருக்கிறது என்று தேடிக்கொண்டிருந்தாள்.